தேங்கிய மழைநீர் சொன்ன தேதி

பன்னிரண்டு, பதின்மூன்று நிமிடம் ஓடும் அந்தப் படத்தில் கதை கிடையாது, நடிகர் கிடையாது, பேச்சும் கிடையாது. சான் பிரான்சிஸ்கோ நகரின் மார்க்கெட் ஸ்ட்ரீட்டில் ஓடிய கேபிள் கார் ஒன்றின் முன்பக்கத்தில் கேமராவைப் பொருத்தி, எட்டாவது தெருவின் அருகே தொடங்கி, மணிக்கூண்டோடு நிற்கும் படகுத்துறைக் கட்டடம் வரைக்கும் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே போயிருக்கிறார்கள். அவ்வளவுதான். ஆனால் அந்தக் காலத்து நகரங்களைக் காட்டும் மௌனப் படங்களில் இதைவிட அதிகம் சொல்லும் படம் ஒன்றை எனக்குத் தெரியாது.

குதிரை வண்டிகள் குறுக்கும் நெடுக்குமாகப் போகின்றன. வலப்பக்கம் ஸ்டியரிங் வைத்த மோட்டார் கார்கள் அவற்றுக்கு இடையில் புகுந்து வருகின்றன. தொப்பி வைத்த ஆண்கள் இருபுறமும் பார்க்காமல் சாலையைக் கடக்கிறார்கள். ஒரு சிறுவன் ஓடும் காரின் பின்புறத்தைப் பிடித்துக்கொண்டு தொற்றியபடி போகிறான். சிலர் நடந்தபடியே நம்மை நேருக்கு நேர் பார்க்கிறார்கள். எதிரே வரும் பெட்டி என்னவென்று புரிந்தவர்களும் உண்டு, புரியாதவர்களும் உண்டு. அது முகத்திலேயே தெரிகிறது.

எடுத்தவர்கள் மைல்ஸ் சகோதரர்கள். அவர்களுடைய ஸ்டுடியோ அதே மார்க்கெட் ஸ்ட்ரீட்டில், 1139ஆம் எண்ணில் இருந்தது. கேபிள் காரைத் தேர்ந்தெடுத்ததில் ஒரு நுட்பம் இருக்கிறது. இந்த வண்டிக்குள் எஞ்சின் கிடையாது. சாலைக்கு அடியில் ஒரு எஃகு வடம் ஓயாமல் ஓடிக்கொண்டிருக்கும். தண்டவாளங்களுக்கு நடுவே உள்ள நீளமான பிளவு வழியாகக் கவ்வி ஒன்றை இறக்கி, ஓட்டுநர் அந்த வடத்தைப் பிடித்தால் வண்டி நகரும், விட்டால் நிற்கும். எஞ்சின் அதிர்வு இல்லை, வேகமும் பெரிதாக மாறாது. கேமராவுக்கு அன்று இதைவிடச் சீரான வாகனம் அமைந்திருக்காது.

கேமராவை நகரும் வண்டியில் வைக்கும் யோசனை சினிமா பிறந்த மறு ஆண்டே வந்துவிட்டது. லூமியேர் சகோதரர்கள் உலகெங்கும் அனுப்பிய ஒளிப்பதிவாளர்களில் ஒருவரான அலெக்சாந்தர் ப்ரொமியோ, 1896 அக்டோபரில் வெனிஸ் நகரின் பெரிய கால்வாயில் படகில் இருந்தபடியே கரையோர மாளிகைகளைப் படமாக்கினார். கேமரா அசையாமல் நிற்க, எதிரே உள்ளவை அசையும் என்பதுதான் அதுவரை வழக்கம். இங்கே நகரமே கண்முன் நகர்ந்தது. அடுத்த ஆண்டு ஜெருசலேம் ரயில் நிலையத்திலிருந்து புறப்படும் வண்டியின் கடைசிப் பெட்டியில் கேமராவை வைத்தார்கள். பிளாட்பாரத்தில் நிற்பவர்கள், யூதர், கிறிஸ்தவர், முஸ்லிம் என்று உடையிலேயே தெரியும் மனிதர்கள், மெல்ல மெல்லப் பின்னுக்குப் போகிறார்கள். சிலர் தொப்பியைக் கழற்றி விடைகொடுக்கிறார்கள். லூமியேர் ஃபிலிம் சுருள் சுமார் 17 மீட்டர்தான், ஐம்பது விநாடிக்குள் முடிந்துவிடும். ஒரு நகரத்தின் ஒரு பிற்பகலில் அந்த ஐம்பது விநாடி மட்டும் நமக்கு மிஞ்சியிருக்கிறது.

இந்தப் பயணப் படங்களுக்கு அமெரிக்காவில் பெரிய கிராக்கி இருந்தது. கன்சாஸ் சிட்டியின் தீயணைப்புத் துறைத் தலைவராக இருந்த ஜார்ஜ் ஹேல் என்பவர், ரயில் பெட்டி வடிவத்திலேயே ஒரு அரங்கு அமைத்தார். ரசிகர்கள் பயணிகளாக உட்காருவார்கள், பெட்டி குலுங்கும், எதிர்த் திரையில் ரயிலின் முன்பக்கத்திலிருந்து எடுத்த படம் ஓடும். 1900களின் நடுவில் இத்தகைய அரங்குகள் ஊர் ஊராகப் பரவின. ஊர்விட்டு ஊர் போக வசதியில்லாதவர்கள் சில காசுகளுக்கு இன்னொரு நகரத்தின் தெருவில் போய்வந்தார்கள். மார்க்கெட் ஸ்ட்ரீட் படமும் இந்த ரசனையை நம்பி எடுத்ததுதான்.

காசு கொடுத்துப் பார்க்க வருபவர்களுக்கு நகரத்தைச் சற்று அலங்கரித்துக் காட்டவும் செய்தார்கள். படத்தில் ஓடும் மோட்டார் கார்களைக் கவனமாகப் பின்தொடர்ந்து பார்த்தவர்கள் ஒன்றைக் கண்டார்கள்: பெரும்பாலானவை திரும்பத் திரும்ப வரும் அதே சில கார்கள். முன்னால் போய், திரும்பி, கேமராவைச் சுற்றி மறுபடியும் முன்னால் வருகின்றன. ஒரு கார் மட்டும் பத்து முறை வருகிறது. அன்றைய சான் பிரான்சிஸ்கோவில் மோட்டார் கார் இன்னும் புதுமைப் பொருள்தான், சாலை குதிரைகளுடையது. வளமான நவீன நகரம் என்ற தோற்றத்துக்காகக் கார்களைச் சுற்றவிட்டிருக்கிறார்கள் என்று தெரிகிறது. கேமரா பொய் சொல்லாது என்று எண்ணிக்கொண்டு கார்களை எண்ணி நகரத்தின் போக்குவரத்தைக் கணக்கிட்டிருந்தால் கணக்கு முழுக்கத் தவறியிருக்கும்.

இந்தப் படங்களைச் சாட்சியமாகப் படிப்பவர்கள் முதலில் பிரித்தறிய வேண்டியது இதைத்தான். காட்டுவதற்காக வைத்தவை ஒரு பக்கம். யாரும் கவனிக்காமல் ஃபிரேமுக்குள் வந்து விழுந்தவை இன்னொரு பக்கம். இந்தப் படத்தின் தேதியைக் கண்டுபிடித்த வரலாறு முழுக்க இரண்டாவது வகையைச் சேர்ந்தது.

அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் இந்தப் படத்தை 1905 செப்டம்பரைச் சேர்ந்தது என்று நெடுங்காலம் குறித்து வைத்திருந்தது. கலிபோர்னியாவில் நைல்ஸ் என்ற இடத்தில் உள்ள எஸ்ஸனே மௌனப்பட அருங்காட்சியகத்தின் வரலாற்றாளர் டேவிட் கீனுக்கு அதில் ஐயம் வந்தது. அவர் முதலில் பார்த்தது சாலையில் தேங்கிக் கிடந்த தண்ணீரை. தண்டவாள ஓரத்திலும் கல் பாவிய தரையின் பள்ளங்களிலும் மழைநீர் நிற்கிறது. சான் பிரான்சிஸ்கோவில் மழை குளிர்காலத்தில் தொடங்கி வசந்தத்தோடு ஓய்ந்துவிடும், கோடை முழுக்க வறண்டு கிடக்கும். 1905 ஆகஸ்ட், செப்டம்பர் மாதச் செய்தித்தாள்களை எடுத்து வானிலைக் குறிப்புகளைப் பார்த்தால் மழையே இல்லை. அப்படியானால் இந்தத் தண்ணீர் எங்கிருந்து வந்தது?

நிழலை வைத்துத் தேதி சொல்ல முடியாதா என்று கேட்கலாம். பாதி சொல்ல முடியும். படகுத்துறை மணிக்கூண்டில் கடிகாரம் இருக்கிறது, சாலையில் நிழல் விழுகிறது, சாலை எந்தத் திசையில் ஓடுகிறது என்பது தெரியும். மணியும் நிழலின் சாய்வும் கிடைத்தால் சூரியன் அன்று வானில் எவ்வளவு வடக்கே அல்லது தெற்கே இருந்தது என்று கணக்கிடலாம். சிக்கல் என்னவென்றால், உத்தராயணத்தில் வடக்கே ஏறும்போது ஒரு முறையும் தட்சிணாயனத்தில் தெற்கே இறங்கும்போது இன்னொரு முறையும் சூரியன் அதே நிலையைக் கடந்து போகிறது. மார்ச் கடைசி வாரத்தில் ஒரு கம்பத்தின் நிழல் எப்படி விழுமோ, செப்டம்பர் நடுவிலும் ஏறத்தாழ அப்படியேதான் விழும். கடிகார நேரத்துக்கும் சூரிய நேரத்துக்கும் உள்ள வித்தியாசம் மட்டும் இந்த இரண்டு பருவங்களிலும் எதிரெதிராக, சுமார் ஆறு ஆறு நிமிடம் விலகும். மங்கலான பழைய பிரதியில் அந்த வித்தியாசத்தை அளப்பது எளிதல்ல. ஆக, நிழல் இரண்டு விடை தரும். அவற்றில் எது சரி என்பதைத் தேங்கிய தண்ணீர் தீர்த்து வைக்கிறது.

அடுத்த சாட்சி நம்பர் பிளேட். கலிபோர்னியாவில் வாகனங்களைப் பதிவு செய்யும் சட்டம் 1905இல்தான் வந்தது. படத்தில் எண் தெளிவாகப் படிக்கக்கூடிய கார் ஒன்றின் பதிவை ஏடுகளில் தேடியபோது, அது 1906 தொடக்கத்தில் பதிவானது என்று தெரிந்தது. 1905 செப்டம்பரில் அந்தக் கார் அந்த எண்ணோடு ஓடியிருக்கவே முடியாது. 1906 வசந்தத்தில் மழை பெய்ததற்கு வானிலைக் குறிப்புகள் இருந்தன. இப்படி ஒவ்வொன்றாகச் சேர்த்துக்கொண்டு போய், படம் 1906 ஏப்ரல் 18க்குச் சற்று முன்னால், சில நாட்களோ சில வாரங்களோ முன்னால் எடுக்கப்பட்டது என்ற முடிவுக்கு வந்தார்கள்.

ஏப்ரல் 18 விடிகாலை 5.12க்கு நகரம் குலுங்கியது. நிலநடுக்கத்தைவிட அதைத் தொடர்ந்த தீ கொடியது. நாள்கணக்கில் எரிந்து சுமார் 28,000 கட்டடங்களைத் தின்றது. சுமார் மூவாயிரம் பேர் இறந்தார்கள். நான்கு லட்சம் மக்களில் பாதிப் பேருக்கு மேல் வீடிழந்தார்கள். மைல்ஸ் சகோதரர்களின் ஸ்டுடியோவும் எரிந்தது. இந்தப் படம் ஏப்ரல் 17 இரவு ரயிலில் நியூயார்க்குக்குக் கிளம்பிவிட்டதால் தப்பித்தது.

தேதி தெரிந்தபிறகு படத்தைப் பார்ப்பது கனமான காரியம். செப்டம்பர் 1905 என்று நினைத்துப் பார்த்தால் அது ஒரு பழைய தெரு. இப்போது சாலையைக் கடக்கும் ஒவ்வொருவரையும் பார்க்கும்போது, சில வாரங்களில் இவர் எங்கே இருந்திருப்பார் என்ற கேள்வி எழாமல் இல்லை. இருபுறமும் தெரியும் கட்டடங்களில் பெரும்பாலானவற்றுக்கு அதுவே கடைசிப் படம்.

தேதியைப் பற்றி இவ்வளவு பேசியபிறகு ஒரு கேள்வி மிச்சம் இருக்கிறது. மழை பெய்ததா என்று அறிய வானத்தைப் பார்த்தால் போதாதா, தரையை ஏன் பார்க்க வேண்டும்? இந்தப் படத்தில் வானம் வெறும் வெள்ளை. இது மட்டுமல்ல, அந்தக் காலப் படங்கள் பெரும்பாலானவற்றிலும் வானம் வெள்ளையாகவே இருக்கும். அன்றைய ஃபிலிமில் பூசிய வெள்ளி உப்புகள் நீலத்துக்கும் ஊதாவுக்கும் மிகக் கூர்மையானவை, சிவப்புக்கு ஏறத்தாழக் குருடு. நீல வானம் வெண்மேகத்துக்குச் சமமாக ஒளிர்ந்து, இரண்டும் கலந்து ஒரே வெளுப்பாகப் பதிந்துவிடும். சிவப்புத் துணி கறுப்பாகப் பதியும். எல்லா நிறங்களையும் ஓரளவு சரியாக உணரும் ஃபிலிம் சினிமாவில் பரவலாக வந்தது 1920களின் பிற்பகுதியில்தான். எனவே பழைய படத்தில் ஒரு பெண் கறுப்புடை அணிந்திருந்தால், துக்கத்தில் இருக்கிறார் என்று உடனே முடிவு கட்டிவிடக் கூடாது. அது நல்ல சிவப்பாகவும் இருந்திருக்கலாம்.

வேகத்திலும் இப்படி ஒரு கோளாறு உண்டு. இது என்னை வெகுநாள் உறுத்திய விஷயம். லூமியேர் கருவியில் கைப்பிடியை விநாடிக்கு இரண்டு சுற்றுச் சுற்றினால், சுற்றுக்கு எட்டாக, 16 ஃபிரேம் பதியும். மற்றவர்களும் ஏறக்குறைய இதே வேகத்தில்தான் சுற்றினார்கள். பேசும் படம் வந்தபின் விநாடிக்கு 24 ஃபிரேம் என்று உலகம் முழுக்க ஒரே அளவு நிலைத்தது. பழைய படத்தை அந்த வேகத்தில் அப்படியே ஓட்டினால் எல்லாமே ஒன்றரை மடங்கு வேகமாகும். நடப்பவர்கள் துள்ளுவார்கள், குதிரைகள் தெறிக்கும். நூறு ஆண்டுக்கு முன் வாழ்ந்த மனிதர்கள் பொம்மைகளைப் போலப் பரபரத்தார்கள் என்ற எண்ணம் நம் மனத்தில் ஊறிப் போனதற்கு இந்த ஒரே காரணம் போதும். சரியான வேகத்தில் ஓட்டிப் பார்த்தால் அவர்கள் நம்மைப் போலவே நடக்கிறார்கள். அவசரமானவர் அவசரமாகவும் வேலையற்றவர் ஆற அமரவும் நடக்கிறார்கள். அந்த மனிதர்களுக்கு அவர்களுடைய நடையைத் திருப்பிக் கொடுப்பது கேலியிலிருந்து அவர்களை மீட்கும் வேலை.

மார்க்கெட் ஸ்ட்ரீட் படத்தில் சரியான வேகத்தைச் சோதித்துப் பார்க்க வசதியும் இருக்கிறது. தெருவின் நீளம் மாறவில்லை, படமான தூரம் சுமார் இரண்டரை கிலோமீட்டர். வண்டியை இழுத்த வடம் சீரான வேகத்தில் ஓடியது. ஒரு குறுக்குத் தெருவிலிருந்து அடுத்ததற்குப் போக எத்தனை ஃபிரேம் ஆகிறது என்று எண்ணினால், கைப்பிடி எந்த வேகத்தில் சுழன்றது என்பதை நெருக்கமாகக் கணக்கிடலாம். அதே படத்தில் சில குதிரை வண்டிச் சக்கரங்கள் பின்னோக்கிச் சுழல்வதுபோலத் தெரிந்தால் அதற்கும் இந்த ஃபிரேம் கணக்குதான் காரணம். ஒரு ஃபிரேமுக்கும் அடுத்ததற்கும் இடையில் ஒரு ஆரக்கால் அடுத்த ஆரக்காலின் இடத்துக்குச் சற்று முன்னதாக வந்து நின்றால், கண் அதைப் பின்வாங்கியதாக எடுத்துக்கொள்ளும்.

இப்போது இணையத்தில் இத்தகைய படங்களைக் கணினியால் கூர்மையாக்கி, வண்ணம் ஏற்றி, விநாடிக்கு 60 ஃபிரேமாக வழவழப்பாக்கிப் போடுகிறார்கள். கோடிக்கணக்கானோர் பார்க்கிறார்கள். பழைய தெருக்களை இவ்வளவு பேர் ஆசையாகப் பார்ப்பதில் எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் நடப்பது என்னவென்று தெரிந்து பார்க்க வேண்டும். விநாடிக்கு 16 ஃபிரேம் மட்டுமே பதிந்த படத்தை 60 ஆக்கினால், அவற்றில் குறைந்தது 44 ஃபிரேம் அந்தத் தெருவின் வெயில் படாதவை. முன்னும் பின்னும் உள்ளதைப் பார்த்து இயந்திரம் ஊகித்து வரைந்தவை. வண்ணமும் அப்படித்தான். சிவப்பு கறுப்பாகப் பதிந்த ஃபிலிமைப் பார்க்கும் இயந்திரம் அதைக் கறுப்பு என்றோ பழுப்பு என்றோதான் தீர்மானிக்கும். இதைவிட எனக்குக் கவலை தருவது வேறு. கீறல், அழுக்கு, மணிமணியான திட்டு ஆகியவற்றை நீக்கும்போது, கல் இடுக்கில் நின்ற கொஞ்சம் தண்ணீரையும் பாதி தெரிந்த ஒரு எண்ணையும் அழுக்கென்று எண்ணி இயந்திரம் மெழுகிவிடலாம். தேதியைச் சொன்னதே அவைதான்.

அந்தக் காலத்து உண்மையான வண்ணம் வேண்டுமென்றால் அதற்கும் ஒரு கருவூலம் இருக்கிறது. பிரெஞ்சு வங்கியாளர் ஆல்பெர் கான் 1909 முதல் 1931 வரை சொந்தச் செலவில் உலகின் பல நாடுகளுக்கு ஒளிப்படக்காரர்களை அனுப்பி, அன்றாட வாழ்க்கையைப் பதிவு செய்யச் சொன்னார். அவர்கள் கொண்டுபோனது இரண்டு கருவிகள். ஒன்று சினிமா கேமரா. மற்றொன்று லூமியேர் நிறுவனம் 1907இல் விற்பனைக்குக் கொண்டுவந்த ஆட்டோக்ரோம் கண்ணாடித் தகடு. உருளைக்கிழங்கு மாவின் நுண்மணிகளை ஆரஞ்சு, பச்சை, ஊதா நிறங்களில் தோய்த்துக் கண்ணாடியில் பரப்பி, அதன் வழியாக ஒளியைப் பதிப்பது அதன் முறை. நிறம் உண்மையானது, ஆனால் ஒரு படத்துக்குச் சில விநாடிகள் அசையாமல் நிற்க வேண்டும். அசைவு ஒரு கருவியில், நிறம் இன்னொன்றில். 72,000 தகடுகளும் நூறு மணி நேரத்துக்கும் அதிகமான ஃபிலிமும் சேர்ந்தன. 1929 பங்குச் சந்தை வீழ்ச்சி கானின் செல்வத்தை அழித்ததோடு வேலை நின்றுபோனது.

நியூயார்க்குக்கு ரயிலேறி ஒரு படம் பிழைத்தது. பெரும்பாலான படங்களுக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. அன்றைய ஃபிலிமின் அடித்தகடு நைட்ரேட் செல்லுலோஸ், வெடிபஞ்சின் நெருங்கிய உறவு. எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால் தண்ணீருக்குள் முக்கினாலும் எரிவது நிற்காது. தீப்பிடிக்காவிட்டாலும் சும்மா கிடக்கையிலேயே சிதையும். உருவம் மங்கும், சுருள் பிசுபிசுக்கும், கடைசியில் பழுப்புத் தூளாகும். குளிரும் வறட்சியும் மட்டுமே அதைத் தாமதப்படுத்தும். இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரில் 1994இல் ஒரு பழைய கடையின் நிலவறையில் உலோகப் பீப்பாய்களுக்குள் 800க்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள் கிடைத்தன. மிட்செல் அண்ட் கென்யன் நிறுவனம் 1900ஐ ஒட்டிய ஆண்டுகளில் எடுத்தவை. சந்தைக் கொட்டகைக்காரர்கள் கேட்டு எடுத்த படங்கள் அவற்றில் நிறைய. ஆலை விட்டு வரும் கூட்டத்தைப் படம் பிடிப்பார்கள், பிறகு அதே தொழிலாளர்கள் காசு கொடுத்துத் தங்களையே திரையில் பார்க்க வருவார்கள். எத்தனை முகம் ஃபிரேமுக்குள் விழுகிறதோ அத்தனை டிக்கெட். வியாபாரக் கணக்கு அது. அதன் பயனாக, தலைக்கு மேல் சால்வை போட்ட ஆலைப் பெண்களும் வேலைக்குப் போன சிறுவர்களும் வரலாற்றில் ஒரு முகத்தோடு நிற்கிறார்கள். வேறு எந்த ஆவணத்திலும் அவர்களுக்கு முகம் இல்லை.

மார்க்கெட் ஸ்ட்ரீட்டுக்கும் ஒரு இரண்டாம் படம் உண்டு. நிலநடுக்கத்துக்குப் பின் மைல்ஸ் சகோதரர்கள் அதே தெருவில் மறுபடியும் கேமராவோடு போனார்கள். காணாமல் போயிருந்த அந்தப் படத்தின் சுமார் ஒன்பது நிமிடச் சுருள் 2016இல் சான் பிரான்சிஸ்கோவின் பழைய பொருள் சந்தை ஒன்றில் விற்பனைக்கு வந்தது. டேவிட் கீனின் அருங்காட்சியகம் இருக்கும் நைல்ஸிலேயே 2018இல் அது திரையிடப்பட்டது. இரண்டையும் அடுத்தடுத்து ஓட்டினால் எந்தக் கட்டடத்தின் எஃகு எலும்புக்கூடு நின்றது, எந்தச் செங்கல் சுவர் உதிர்ந்தது என்பதைக் கட்டடம் கட்டடமாக ஒப்பிட முடிகிறது. பொறியாளர்களுக்கு இது வெறும் வேடிக்கை அல்ல.

இந்தியாவைக் காட்டும், இன்றும் மிஞ்சியிருக்கும் மிகப் பழைய படங்களில் ஒன்றுக்கும் இந்தத் துப்பறியும் வேலை தேவைப்பட்டது. 1899இல் எடுத்து பிரிட்டனில் வெளியிட்ட அதன் தலைப்பு 'கல்கத்தாவின் காட்சி'. ஆற்றில் போகும் படகிலிருந்து எடுத்திருக்கிறார்கள். கரையில் அடுக்கடுக்காகப் படித்துறைகள், குளிப்பவர்கள், உயர்ந்து நிற்கும் மாளிகைகள். கல்கத்தாவைப் பார்த்தவர்களுக்கும் காசியைப் பார்த்தவர்களுக்கும் இது எந்த ஊர் என்று சொல்லித் தர வேண்டியதில்லை. படத்தைப் பாதுகாக்கும் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டும் இன்று அதைக் காசியின் படித்துறைகள் என்றே அடையாளம் காட்டுகிறது. விற்றவர்களுக்கு லண்டன் ரசிகன் அறிந்த பெயர் போதுமானதாக இருந்திருக்கும். அந்தப் படம் இணையத்தில் பார்க்கக் கிடைக்கிறது, இரண்டு நிமிடம்கூட ஆகாது. கேதார கட்டத்திலும் அனுமான் கட்டத்திலும் தலைமுறை தலைமுறையாக வாழும் தமிழ்க் குடும்பங்கள் உண்டு, ஒவ்வொரு படித்துறையையும் படிப்படியாக அறிந்தவர்கள். படகு எங்கே தொடங்கி எந்தத் திசையில் போகிறது, எந்தச் சுவர் அன்று இருந்து இன்று இல்லை, நீர் எத்தனை படி ஏறியிருக்கிறது, அதை வைத்து அது மழைக்கு முந்திய மாதமா பிந்திய மாதமா என்று சொல்ல அவர்களைவிடத் தகுதியானவர்கள் யாரும் இல்லை.